நம்ம ஊரு கோர்ட்டு

கிள்ளானில் யாருக்காவது அரசாங்க அலுவலகத்தில் ஒரு காரியம் ஆக வேண்டுமென்றால், துணைக்குச் சின்னையாவைக் கூட்டிக்கொண்டு போவார்கள். அவருக்கு விவரம் தெரியும் என்பதற்காக அல்ல. உள்ளதைச் சொன்னால் அவருக்குப் பாதி விவரம்தான் தெரியும், அந்தப் பாதியிலும் பாதி தப்பு. ஆனாலும் அவர் பக்கத்தில் இருந்தால் ஒரு தைரியம். கவுண்டரில் இருக்கும் பெண்ணிடம் முதலில் சாப்பிட்டாயா என்று மலாயில் விசாரிப்பார். வரிசையில் கால் கடுக்க நிற்கும் சீனக் கிழவருக்கு எங்கிருந்தோ ஒரு நாற்காலி கொண்டுவந்து போடுவார். அப்புறம் தப்பான பாரத்தை நிரப்பி, தப்பான கவுண்டரில் நீட்டி, "அடடே, மாறிப் போச்சுலா!" என்று அவர் சிரிக்கிற சிரிப்பில், அரை நாள் லீவு வீணாய்ப் போனவர்கூடச் சேர்ந்து சிரித்துவிடுவார்.

பிழைப்பு ஸ்கூல் வேன். காலையில் பிள்ளைகளைத் தமிழ்ப்பள்ளியில் இறக்கிவிட்டு மதியம் திரும்ப ஏற்றி வர வேண்டும். நாற்பத்தைந்தைத் தாண்டியும் கல்யாணம் ஆகவில்லை. வந்த வரன் எல்லாம் காஜாங், சுபாங் ஜெயா என்று வெளியூராக அமைந்துவிட்டதுதான் காரணம் என்று அவரே சொல்லிக்கொள்வார். அதில் பாதி விளையாட்டு, பாதி நிஜம். பல் பிடுங்குவதோ, டயர் மாற்றுவதோ, நேர்த்திக்கடன் செலுத்துவதோ, எதுவானாலும் அவருக்கு அது கிள்ளானில் நடக்க வேண்டும். கோலாலம்பூருக்குப் போயே ஆக வேண்டும் என்றால் முழு டாங்கு எண்ணெய் ஊற்றி, தண்ணீர்ப் போத்தல் எடுத்துவைத்து, தாய்லாந்துக்குப் புறப்படுகிறவர் போலப் புறப்படுவார்.

இப்படிப்பட்ட மனுஷனுக்கு உயிர் என்றால் அது தங்கச்சி மகள் தாமரைதான். காது குத்தும்போது தாய்மாமன் மடி என்பதால் இவர் மடியில்தான் உட்கார வைத்தார்கள். பிள்ளை கொஞ்ச நேரத்தில் அழுகையை நிறுத்திவிட்டது. இவர் நிறுத்தவில்லை. பத்தர் ஊசியைக் கீழே வைத்துவிட்டு இவருக்குத் தண்ணீர் கொடுத்த காட்சி இன்னும் வீடியோவில் இருக்கிறது. இப்போது தாமரை தமிழ்ப்பள்ளியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். வேனில் ஓட்டுநர் பக்கத்து இருக்கை அவளுக்குத்தான். வேறு பிள்ளைகள் அதில் உட்காருவதில்லை, சண்டை போடுவதும் இல்லை.

தாமரையின் அம்மா லோகேஸ்வரி கிள்ளானில் ஒரு கிளினிக்கில் தாதி. அப்பா தனேஷ் ரயில் பட்டறையில் டெக்னீஷியன். இருவருமே கெட்டவர்கள் இல்லை. ஒரே வீட்டில் இருக்கும்போது மட்டும் ஒருவர் வாய் திறந்தால் இன்னொருவருக்குத் தலைவலி வந்தது. கடைசியில் தனேஷ் இரண்டு பைகளோடு பிரிக்பீல்ட்ஸில் இருக்கும் தன் அக்கா வீட்டுக்குப் போய்விட்டான். திருமணப் பதிவிலாகாவின் சமரசக் குழு முன்னால் உட்கார்ந்து பேசிப் பார்த்தார்கள். அங்கேயும் யார் குப்பையை வெளியே வைப்பது என்பதில் ஆரம்பித்து, குழுவில் இருந்த பெரியவரே கையெடுத்துக் கும்பிடும் அளவுக்குப் போயிற்று. பிரிவதுதான் நல்லது என்பதில் மட்டும் இருவருக்கும் ஒத்துப்போனது.

பிள்ளை அம்மாவிடம் இருந்தாள். சனிக்கிழமை காலையில் தனேஷ் கொமுட்டர் ரயிலில் கிள்ளானுக்கு வருவான். மகளைக் கூட்டிக்கொண்டு பிரிக்பீல்ட்ஸ் போவான். மாலையில் கொண்டுவந்து விடுவான். அதில் யாருக்கும் குறையில்லை, தனேஷின் வழக்கறிஞர் கோலாலம்பூர் உயர்நீதிமன்றத்தில் விவாகரத்து மனுவும் பிள்ளையின் பராமரிப்பு உரிமை கேட்டு ஒரு கோரிக்கையும் போட்டிருக்கிறார் என்ற செய்தி வரும் வரைக்கும்.

சின்னையாவுக்கு விவாகரத்துகூடப் பெரிதாகப் படவில்லை. ஊர்தான் உறுத்தியது.

"கே.எல். கோர்ட்டா? அது அவன் கோர்ட்டு ஆச்சே! அவன் ஊருல போய் நின்னா நமக்கு எப்படிம்மா நியாயம் கிடைக்கும்? நாளைக்கே கெளம்பு. நாம நம்ம ஊரு கோர்ட்டுல போட்டுருவோம்."

கோர்ட்டு என்பது அவருக்குப் பந்து விளையாடும் திடல் மாதிரி. சொந்தத் திடலில் ஆடுகிறவனுக்குத்தான் பலம். அந்த யோசனையில் அவர் தனியாளும் இல்லை. நம்மவர்களில் பாதிப் பேர் அப்படித்தான் நினைக்கிறோம். கேஸ் என்றதும் சட்டம் என்ன சொல்கிறது என்று கேட்பதில்லை, அங்கே நமக்கு யார் ஆள் இருக்கிறது என்றுதான் கேட்கிறோம்.

மறுநாள் லோகேஸ்வரி லீவு போட்டாள். வேனுக்கு விழுந்த அபராதச் சமானைப் பல தடவை கட்டப் போய்ச் சின்னையாவுக்குக் கிள்ளான் நீதிமன்றத்தின் வாசல் நன்றாகப் பழக்கம். காவலாளியை "அபாங்" என்று அண்ணன் முறை வைத்துத் தோளில் தட்டிவிட்டு உள்ளே போனார். கவுண்டரில் இருந்த கேராணியிடம் சாப்பிட்டாச்சா என்று விசாரித்தார். தங்கச்சி கதையை, குப்பைத் தொட்டி வரைக்கும் விடாமல், மலாயில் எடுத்துச் சொன்னார். அந்தப் பெண் பொறுமையாகக் கேட்டாள். முடிந்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள்.

"சாலா தெம்பாட், போஸ்," என்றாள். இடம் தப்பு.

இங்கே மாஜிஸ்திரேட்டும் செஷன்ஸும்தான் இருக்கிறது. முஸ்லிம் அல்லாதவர்களின் விவாகரத்துக்கு உயர்நீதிமன்றம் போக வேண்டும், அது ஷா ஆலாமில் இருக்கிறது என்று விளக்கினாள். சின்னையா விடவில்லை. இங்கேயே ஓர் ஓரமாக, சின்னதாக, பிள்ளை விஷயத்தை மட்டும் போட முடியாதா என்று கேட்டார். பின்னால் நின்றிருந்த லோரிக்காரர், "அண்ணே, நான் சமான் கட்டணும்லா," என்று முனகினார். லோகேஸ்வரி அண்ணனின் சட்டையைப் பிடித்து வெளியே இழுத்து வந்தாள்.

அப்புறம்தான் ஒழுங்காக ஒரு வழக்கறிஞரிடம் போனார்கள். ஜோசஃபின் என்று பெயர். கிள்ளானில் ஒரு மருந்துக் கடைக்கு மேலே அலுவலகம். அதட்டாமல் பேசுகிற பெண்.

"விவாகரத்தும் பிள்ளை யாருகிட்ட இருக்கணும்கிறதும் ஒண்ணாவே தீரணும்னா அது ஹைகோர்ட்டுதான் அண்ணே. கே.எல். ஒரு வாசல், ஷா ஆலாம் இன்னொரு வாசல். எந்த வாசல்ல நுழைஞ்சாலும் உள்ள இருக்கிற சட்டம் ஒண்ணுதான். ஜட்ஜு எந்த ஊருன்னு பாக்க மாட்டாரு. பிள்ளைக்கு எது நல்லதுன்னுதான் பாப்பாரு."

"அப்போ ஷா ஆலாம்ல போடுங்க மேடம். அதுவும் சிலாங்கூர்தானே? நம்ம ஊருதான்."

நேற்று வரை ஷா ஆலாமைத் திரும்பிக்கூடப் பார்க்காதவர், ஒரே நிமிடத்தில் அதைச் சொந்த ஊராக்கிக்கொண்டார். ஜோசஃபின் சிரிப்பை அடக்கிக்கொண்டு லோகேஸ்வரியைப் பார்த்தார்.

"கேக்கலாம். பிள்ளை கிள்ளான்ல இருக்கு, ஸ்கூல் கிள்ளான்ல, அதனால கேஸை ஷா ஆலாமுக்கு மாத்துங்கன்னு விண்ணப்பம் போடலாம். ஆனா அவங்க எதிர்ப்பாங்க. இழுக்கும். உங்களுக்கு என்னக்கா விருப்பம்?"

"போட்டுருங்க," என்றார் சின்னையா, தங்கச்சி வாய் திறக்கும் முன்பே. "நான் தாய்மாமன். என் மடியில வெச்சு காது குத்துன பிள்ளை. ஜட்ஜுகிட்ட நானே வந்து பேசுறேன்."

ஜோசஃபின் கொஞ்சம் தயங்கினார். "அண்ணே, தப்பா எடுத்துக்காதீங்க. நம்ம பழக்கத்துல நீங்கதான் முதல் ஆளு. ஆனா இந்தக் கேஸுல ரெண்டே பேருதான், அம்மாவும் அப்பாவும். சட்டப்படி நீங்க யாருமில்ல."

அன்றைக்கு வீட்டுக்கு வரும் வழியெல்லாம் சின்னையாவுக்கு அதே நினைப்பு. கல்யாணத்தில் முதல் பந்தியில் உட்கார வைக்கப்பட்டவர், காதுகுத்தில் முதல் சீர் கொண்டுவந்தவர், சட்டப்படி யாருமில்லை. பிள்ளை பிரிக்பீல்ட்ஸுக்குப் போய்விட்டால் யாரிடம் போய் என்னவென்று கேட்பது? கேட்கக்கூட ஒரு வழியில்லை. அந்தப் பயம் உள்ளே இறங்கியதும், மனுஷன் ஷா ஆலாமை இறுகப் பிடித்துக்கொண்டார்.

கேஸை எங்கே நடத்துவது என்பதற்கே ஒரு கேஸ் தொடங்கியது. இரண்டு பக்கத்து வழக்கறிஞர்களும் மாறி மாறி எழுதிக்கொண்டார்கள். மாதங்கள் போயின. அந்தச் சமயத்தில்தான் ஒரு சனிக்கிழமை தண்டவாளத்தில் ஏதோ கோளாறு, ரயில்கள் தாமதம். தனேஷ் மகளை இருட்டிய பிறகுதான் கொண்டுவந்து விட்டான். மன்னிப்பும் கேட்டான்.

சின்னையா அதை வேறு மாதிரி எடுத்துக்கொண்டார். "இப்படித்தான் ஆரம்பிப்பாங்க. இன்னிக்கு லேட்டு. அடுத்த வாரம் அங்கேயே தங்க வெப்பாங்க. அப்புறம் அங்க ஒரு ஸ்கூல்ல சேத்துட்டு, பிள்ளை கே.எல்.லதான் இருக்குன்னு கோர்ட்டுல சொல்லுவாங்க. அனுப்பாதம்மா. கேஸ் முடியட்டும்."

லோகேஸ்வரிக்கு மனசில்லை. ஆனால் அண்ணன் சொன்னதில் நடக்கக்கூடிய விஷயமும் கொஞ்சம் இருந்தது. அனுப்பவில்லை. தனேஷ் இரண்டு சனிக்கிழமை ஸ்டேஷனில் வந்து நின்று பார்த்துவிட்டுப் போனான். மூன்றாவது வாரம் வரவில்லை.

தாமரை அழவும் இல்லை, அடம் பிடிக்கவும் இல்லை. அதுதான் சின்னையாவைப் பாடாய்ப் படுத்தியது. வேனில் முன்பெல்லாம் வாய் ஓயாது. டீச்சர் சேலை நிறம் முதல் கேண்டீன் நாசி லெமாக்கில் நெத்திலி குறைந்தது வரைக்கும் எல்லாம் சொல்வாள். இப்போது பையை மடியில் வைத்துக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். ஐஸ்கிரீம் வாங்கித் தந்தால் நன்றி சொன்னாள். மாமனுக்கு நன்றி சொல்கிற பிள்ளையை என்ன செய்வது?

ஒரு வெள்ளிக்கிழமை மதியம் மற்றப் பிள்ளைகளை எல்லாம் இறக்கிவிட்டு வந்துகொண்டிருந்தார்கள். அவள் ஜன்னலைப் பார்த்தபடியே கேட்டாள்.

"மாமா, எந்தக் கோர்ட்டுக்குப் போனா அப்பா சனிக்கிழமை வருவாரு?"

சின்னையா வேனை ஓரமாக நிறுத்தினார். பதில் சொல்ல வாயைத் திறந்தார். கிள்ளான் என்று சொல்ல முடியாது, கே.எல். என்றும் சொல்ல முடியாது, ஷா ஆலாம் என்றும் சொல்ல முடியாது. எல்லா அலுவலகத்துக்கும் துணைக்குப் போன மனுஷன், அந்தப் பிள்ளைக்கு ஒரு இடத்தின் பெயரைச் சொல்லத் தெரியாமல் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். தான் அவளுக்குக் காவல் இருக்கவில்லை, அவளுக்கும் அவள் அப்பாவுக்கும் குறுக்கே உட்கார்ந்திருக்கிறோம் என்பது அங்கேதான் அவருக்குப் புரிந்தது.

மறுநாள் காலையில் யாரிடமும் சொல்லாமல் பெடரல் ஹைவேயில் வேனை விட்டார். டாங்கை நிரப்பவில்லை, தண்ணீரும் எடுக்கவில்லை. பிரிக்பீல்ட்ஸில் வண்டி நிறுத்த இடம் கிடைக்காமல் ஒரே தெருவை நான்கைந்து முறை சுற்றினார். பூக்கடைக்காரர் ஒருவர், "அண்ணே, தேர் ஓட்டுறீங்களா?" என்று கேட்டேவிட்டார்.

கதவைத் திறந்த தனேஷ் திகைத்துப்போனான். இருந்தாலும் வாய் தானாகச் சொன்னது. "வாங்க மச்சான்."

அடுக்குமாடி வீடு, சின்னக் கூடம். மேசையின் மேல் கச்சாங் பூத்தே கடலைப் பொட்டலங்கள் பிரிக்காமல் கிடந்தன. சின்னையா அதையே பார்ப்பதைக் கவனித்து தனேஷின் அக்கா உள்ளிருந்து சொன்னார்: "பிள்ளைக்குன்னு சனிக்கிழமை ஆனா வாங்கிட்டு வந்துருவான். யாரு தின்னுறது?"

சின்னையா உட்கார்ந்தார். "மாப்ள, ஒண்ணே ஒண்ணு கேக்குறேன். எதுக்கு இங்க வந்து கேஸ் போட்ட?"

தனேஷ் தரையைப் பார்த்தான். "கிள்ளான் பக்கம்னா எல்லாம் உங்க ஆளுங்க. நீங்க உள்ள நுழைஞ்சா வாசல்ல நிக்கிற ஜாகா முதக்கொண்டு கேராணி வரைக்கும் எழுந்து நிப்பாங்க. நான் தனியா வந்து நின்னா எனக்காக யாரு பேசுவா?"

சின்னையா அடக்க முடியாமல் சிரித்தார். "எனக்கா? எழுந்து நிப்பாங்களா? என்னை அங்க துரத்தி விட்டாங்க மாப்ள! சாலா தெம்பாட்னு சொல்லி. பின்னால நின்ன லோரிக்காரன்கூட திட்டுனான்."

தனேஷும் சிரித்துவிட்டான். சிரித்துக்கொண்டிருந்தவன் சட்டென்று முகத்தைத் துடைத்துக்கொண்டான். "பிள்ளைய லோகேஸ்கிட்ட இருந்து பறிக்கணும்னு நான் நினைக்கல மச்சான். அவ நல்லா பாத்துக்குறா. எனக்கும் ஒரு பங்கு இருக்குன்னு யாராச்சும் எழுதிக் குடுக்கணும்னு நினைச்சேன். அதுக்குள்ள சனிக்கிழமையும் போச்சு."

"அனுப்ப வேணாம்னு சொன்னது நான்தான். அவ இல்ல." சின்னையாவின் குரல் இறங்கிவிட்டது. "கேஸை கே.எல்.லயே வெச்சுக்க. நான் லோயர்கிட்ட சொல்லிடறேன். கோர்ட்டுல கூப்பிடற அன்னிக்கு அவங்க ரெண்டு பேரையும் நானே வேன்ல கூட்டிட்டு வரேன்."

மற்றவர்களுக்கு இது ஒரு வாசலா இன்னொரு வாசலா என்ற விஷயம். அவர் கணக்கில், கையில் இருந்த ஒரே பிடியை விட்டுக்கொடுத்தாயிற்று. இனி பிள்ளை போனால் போனதுதான். அதைத் தெரிந்துகொண்டேதான் சொன்னார்.

வீட்டுக்கு வந்து விஷயத்தைச் சொன்னதும் லோகேஸ்வரி பொரிந்து தள்ளினாள். "யாரைக் கேட்டுப் போன? கேஸ் போடணும்னு சொன்னதும் நீ, அனுப்பாதன்னு சொன்னதும் நீ, இப்ப விட்டுக்குடுத்துட்டு வந்ததும் நீ. என் புருஷன்கூட நான் எப்ப அண்ணே பேசுறது?" திட்டித் தீர்த்த பிறகு தண்ணீர் குடித்தாள். அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு தனேஷுக்குப் போன் போட்டாள். அன்றைக்குச் சண்டைச் சத்தம் கேட்கவில்லை. கதவுக்கு வெளியே சின்னையா காதைத் தீட்டிக்கொண்டு நின்றது உண்மை.

அதற்குப் பிறகு காரியம் வேகமாக நடந்தது. இருவரும் ஒத்துப்போனால் ஒரே மனுவில் இருவருமே கையெழுத்துப் போடலாம், எதிர்ப்பு, விசாரணை என்று இழுக்காது என்றார் ஜோசஃபின். தனேஷ் கே.எல். மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டான். பிள்ளைக்கும் அம்மாவுக்கும் பக்கம் என்று ஷா ஆலாமைச் சொன்னதும் அவனேதான். சின்னையா பெரிய மனசோடு, "கே.எல்.னாலும் பரவால்லலா," என்றார். யாரும் அவரைக் கண்டுகொள்ளவில்லை.

பிள்ளையின் உரிமை இருவருக்கும். வசிப்பது அம்மாவிடம். வெள்ளிக்கிழமை பள்ளி விட்டதிலிருந்து ஞாயிறு மாலை வரை அப்பாவிடம். பள்ளி விடுமுறையில் பாதிப் பாதி. எல்லாம் சுமுகமாகப் போய், ஒரே ஓர் இடத்தில் முட்டிக்கொண்டது. பிள்ளையைக் கொண்டுபோய் விடுவது யார், எங்கே?

"என் வீட்டு வாசல்ல வந்து நிக்க வேணாம்," என்றாள் லோகேஸ்வரி. "பழைய பேச்சு வந்துரும்."

"ஸ்டேஷன்லயும் வேணாம்," என்றான் தனேஷ். "நாலு பேரு முன்னால பிள்ளைய கை மாத்திவிட்டா அவளுக்கு ஒரு மாதிரி இருக்கும்."

"ரெண்டு பேருக்கும் நம்பிக்கையான ஆளு யாராச்சும் இருக்காங்களா?" என்று ஜோசஃபின் கேட்டார்.

அறையின் மூலையில் சின்னையா உட்கார்ந்திருந்தார். இங்கே தான் யாருமில்லை என்பதை மனப்பாடம் செய்துகொண்டு, காலண்டரில் இருந்த மலைப்படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அண்ணன்," என்றாள் லோகேஸ்வரி.

"மச்சான்தான்," என்றான் தனேஷ்.

இருவரும் ஒரே நேரத்தில் சொன்னார்கள். கல்யாணமான நாளிலிருந்து அவர்கள் ஒத்துப்போன விஷயங்களை எண்ண ஒரு கை விரல்கள் போதும். அதில் இது ஒன்று. ஜோசஃபின் விசைப்பலகையில் கை வைத்தபடி திரும்பினார். "அண்ணே, ஐசி கார்டுல இருக்கிற உங்க முழுப்பேரு சொல்லுங்க. உத்தரவுல போடணும்."

சின்னையா எழுந்து நின்று சட்டையை இழுத்துச் சரிசெய்துகொண்டார். லோகேஸ்வரிதான் சொன்னாள்.

ஷா ஆலாமில் அவர்கள் முறை வந்த அன்றைக்கு, சம்பந்தப்பட்டவர்கள் மட்டும்தான் என்று சின்னையாவை வெளியே உட்கார வைத்துவிட்டார்கள். ஒரு தேத்தண்ணீர் ஆறுவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. இருவரும் வெளியே வந்தபோது முகத்தில் சந்தோஷமும் இல்லை, கோபமும் இல்லை. கதவருகே நின்று தனேஷ், "உடம்ப பாத்துக்க," என்றான். அவளும் தலையாட்டினாள். கூட வாழ்ந்த காலத்தில் அவர்கள் ஒருவரோடு ஒருவர் இத்தனை மரியாதையாகப் பேசிச் சின்னையா பார்த்ததில்லை. அவர் கழிப்பறைக்குப் போய் முகம் கழுவிக்கொண்டு வந்தார்.

உத்தரவு கைக்கு வந்த பிறகு முதல் வெள்ளிக்கிழமை. பள்ளி விட்டது. மற்றப் பிள்ளைகளை அவரவர் வீட்டில் இறக்கிவிட்டு, தாமரையோடு கே.எல். சாலையில் திரும்பினார். அவள் சீட்டில் நிமிர்ந்து உட்கார்ந்து வாய் ஓயாமல் பேசினாள். டீச்சருக்குக் கல்யாணமாம். கேண்டீனில் ரொட்டி சானாய் போடுகிறார்களாம். அப்பா வீட்டில் அவளுக்குத் தனியாக ஒரு மெத்தை வாங்கியிருக்கிறாராம். சுபாங் ஜெயாவைத் தாண்டும்போது ஹைவே அடைத்துக்கொண்டது. மற்ற நாளாக இருந்தால் கே.எல். காரர்களை ஒரு வழி பண்ணியிருப்பார். இன்றைக்கு அந்த நெரிசல் இன்னும் கொஞ்சம் நீளாதா என்றிருந்தது அவருக்கு.

பிரிக்பீல்ட்ஸில் தனேஷ் தெருவிலேயே நின்றிருந்தான். வேன் முழுசாக நிற்பதற்குள் தாமரை பெல்ட்டைக் கழற்றிவிட்டாள். பையை எடுத்துக்கொண்டு கதவைத் தள்ளித் திறந்து, "அப்பா!" என்று கத்திக்கொண்டு ஓடினாள். தனேஷ் குனிந்து அவளைத் தூக்கினான். அவன் கண்ணால் சின்னையாவுக்கு ஒரு வணக்கம் சொன்னான். அவள் திரும்பிப் பார்க்கவில்லை. மாமாவுக்குப் போயிட்டு வரேன் என்றுகூடச் சொல்லவில்லை. அவருக்குத் துக்கம் பொங்கிக்கொண்டு வந்தது. அவள் அப்படி ஓடியதைக் கண் குளிரப் பார்த்ததும் அதே மனசுதான்.

பின்னால் ஒரு டாக்சிக்காரர் ஹார்னை அழுத்தினார். "அண்ணே, எடுங்கலா வண்டிய! இங்க நிக்கக் கூடாது."

"நிக்கலாம்," என்றார் சின்னையா ஜன்னல் வழியே தலையை நீட்டி. "கோர்ட்டே சொல்லியிருக்கு."

சொல்லிவிட்டு, அவர்கள் இருவரும் படியேறி உள்ளே போகிற வரைக்கும் நின்று பார்த்த பிறகுதான் கியரைப் போட்டார்.